ஆடையில் பாத்திரம் வடித்த எடித் ஹெட்

1953ஆம் ஆண்டில் வெளிவந்த 'ரோமன் ஹாலிடே' என்னும் திரைப்படத்தின் தொடக்கத்தில் ஓர் இளவரசி, தன்னைக் காண வந்த பெருமக்களின் நீண்ட வரிசையை வரவேற்று நிற்கிறாள். தரையைத் தொடும் அரசவை உடை, தோளின் குறுக்கே பட்டை, தலையில் மணிமுடி. அந்தக் கனத்த உடையின் மறைவில், எவர் கண்ணிலும் படாமல், நின்று நின்று வலித்த கால் ஒன்று காலணியிலிருந்து மெல்ல வெளியே வருகிறது. மறுநாள், காவலுக்குத் தப்பி ரோம் நகரத் தெருக்களில் அவள் நடக்கும்போது வெள்ளைச் சட்டையும் அகன்ற பாவாடையுமாக இருக்கிறாள். பொழுது ஏற ஏறச் சட்டையின் கைகள் மடிகின்றன, கழுத்துப் பொத்தான் அவிழ்கிறது, கழுத்தில் கோடு போட்ட கைக்குட்டை ஒன்று வந்து சேர்கிறது, காலணி செருப்பாகிறது, நீண்ட கூந்தல் குறுகுகிறது. சட்டை அதே சட்டைதான். ஆனால் அதை அணிந்தவள் ஒரே பகலில் விடுதலை பெற்றுவிட்டாள். படத்தின் இறுதியில் அவள் மீண்டும் அரசுமுறை உடையில் நிற்கையில், இழந்தது இன்னதென்று எவரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

சொல்லின் துணையின்றி ஒரு பெண்ணின் உள்ளத்தை இவ்வாறு உரைத்த ஆடைகளை அமைத்தவர் எடித் ஹெட். அமெரிக்கத் திரையுலகில் ஐம்பத்தேழு ஆண்டுகள் பணியாற்றியவர். ஊமைப்படக் காலத்தில் புகுந்து, வண்ணப்படம் பழைய செய்தியாகிவிட்ட காலம் வரையில் ஊசியும் நூலும் ஓயாமல் உழைத்தவர். ஆடை வடிவமைப்புக்கான ஆஸ்கார் விருதுக்கு 35 முறை முன்மொழியப்பட்டு 8 முறை அதனைப் பெற்றவர். ஆஸ்கார் வரலாற்றில் வேறெந்தப் பெண்ணும் இத்தனை விருதுகளைப் பெற்றதில்லை. எனினும் அவர் வாழ்க்கை எண்ணிக்கையின் பெருமை மட்டுமன்று. தன்னை மறைத்துக்கொண்டு பிறரைத் துலங்கச் செய்வதே தன் கலை என்று கருதிய ஒருவர், தன் பெயரை மட்டும் மறைக்க விரும்பாத முரணும் அதில் உண்டு. அந்த முரணையும் சேர்த்துப் பார்க்கும்போதுதான் அக்கலையின் இயல்பு முழுமையாக விளங்கும்.

பாலைவெளியில் ஒரு குழந்தைப் பருவம்

எடித் கிளேர் போசனர் 1897ஆம் ஆண்டு அக்டோபர் 28ஆம் நாள் கலிபோர்னியா மாநிலத்தின் சான் பெர்னார்டினோ நகரில் யூதப் பெற்றோருக்குப் பிறந்தார். பெற்றோரின் மணவாழ்க்கை நெடுநாள் நீடிக்கவில்லை. தாயார் சுரங்கப் பொறியாளர் ஒருவரை மறுமணம் செய்துகொண்டார். சுரங்கம் இருக்கும் இடத்திற்கே குடும்பமும் பெயர்ந்தது. நெவாடா பாலைவெளியில் சர்ச்லைட் என்னும் சிற்றூரிலும் அவருடைய இளமையின் ஒரு பகுதி கழிந்தது. விளையாட்டுத் தோழியர் அரிதான அவ்விடங்களில், கந்தைத் துணிகளைச் சேர்த்து வைத்துப் பொம்மைகளுக்கும் வீட்டு விலங்குகளுக்கும் உடுத்தி மகிழ்ந்ததைப் பின்னாளில் அவர் நினைவுகூர்ந்ததுண்டு. இந்த ஒரு நினைவைத் தவிர இளமையைப் பற்றி அவர் அதிகம் பேசியதில்லை.

தையற்கலை அவருடைய முதல் நாட்டம் அன்று. மொழியே முதல் நாட்டம். பெர்க்லியிலுள்ள கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு மொழியில் சிறப்புத் தகுதியுடன் 1919இல் பட்டம் பெற்றார். அடுத்த ஆண்டே ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தில் ரோமானிய மொழிகளில் முதுகலைப் பட்டம் பெற்றார். லா ஹோயா என்னும் கடற்கரை ஊரில் பெண்கள் பள்ளி ஒன்றில் பிரெஞ்சு ஆசிரியையாகப் பணி தொடங்கி, பின்னர் ஹாலிவுட்டிலேயே இருந்த ஒரு பெண்கள் பள்ளிக்கு மாறினார். அங்கே ஓவியமும் கற்பிக்கும் பொறுப்பு அவரிடம் வந்து சேர்ந்தது. ஓவியப் பயிற்சியோ அவருக்குக் குறைவு. எனவே ஓட்டிஸ் கலைக் கழகத்திலும் ஷூனார்ட் கலைப் பள்ளியிலும் மாலை வகுப்புகளில் சேர்ந்தார். மாணவியருக்கு நாளை கற்பிக்க வேண்டியதை ஆசிரியை இன்று கற்றுக்கொண்டார். 1923இல் சார்லஸ் ஹெட் என்பவரை மணந்தார். அந்த மணவாழ்க்கை 1938இல் முறிந்தது. ஆனால் அதன்வழி வந்த பெயர் இறுதிவரை நிலைத்தது.

இரவல் ஓவியங்கள்

1924ஆம் ஆண்டில், பின்னர் பாரமவுண்ட் என்னும் பெயரால் நிலைபெற்ற திரைப்பட நிறுவனம் ஆடை ஓவியர் ஒருவர் தேவை என்று அறிவித்தது. ஆசிரியத் தொழிலின் ஊதியம் போதாமையால் எடித் விண்ணப்பித்தார். நிலக்காட்சி வரையத் தெரிந்த அவருக்கு மனித உருவத்தில் ஆடையை வரைந்துகாட்டும் திறம் அப்போது இல்லை. ஆகவே ஓவியப் பள்ளித் தோழர்களின் படங்களை இரவல் பெற்று, அனைத்தையும் ஒரே கட்டாகக் கட்டி எடுத்துச் சென்றார். தலைமை வடிவமைப்பாளர் ஹோவர்ட் கிரீர் ஒரே கையில் இத்தனை வகைத் திறமையா என்று வியந்து வேலை கொடுத்தார். வேலையில் அமர்ந்த பிறகு உண்மை வெளிப்பட்டது. கிரீர் அவரை வெளியே அனுப்பவில்லை, கற்றுக்கொடுத்தார்.

இந்நிகழ்ச்சியைப் பின்னாளில் எடித் ஒளிக்கவில்லை. நகைச்சுவையாகப் பலமுறை சொல்லியிருக்கிறார். ஆயினும் இதைச் சிரித்துக் கடந்துவிட இயலாது. பிறர் கைவண்ணத்தைத் தன்னுடையதாகக் காட்டி ஒரு கலைஞர் தம் வாழ்வைத் தொடங்கினார் என்பது உண்மை. அந்த வாசலின் வழியே உள்ளே நுழைந்தபின், அவ்வேலைக்குத் தம்மைத் தகுதியாக்கிக்கொள்ள அவர் உழைத்த உழைப்பும் உண்மை. முதலில் கிரீரின் பாணியிலும், அடுத்துத் தலைமைக்கு வந்த டிராவிஸ் பேண்டனின் பாணியிலும் வரையக் கற்றார். பிறர் குரலில் பேசிப் பழகியே தமக்கென ஒரு குரலைக் கண்டடைந்தார்.

தொடக்கக் கால அனுபவங்களுள் ஒன்று அவருக்கு நல்ல பாடமாயிற்று. செசில் பி. டெமில் இயக்கிய 'தி கோல்டன் பெட்' என்னும் படத்தில் இனிப்புகளால் ஆன ஒரு களியாட்டக் காட்சி உண்டு. அதற்கு உண்மையான மிட்டாய்களையே ஆடையில் கோத்தார். படப்பிடிப்பு விளக்குகளின் வெப்பத்தில் மிட்டாய்கள் உருகி ஒழுகின. தாளில் அழகாக இருப்பது விளக்கின்கீழ் நிற்குமா என்னும் கேள்வியை அவர் அதன்பின் மறந்ததில்லை.

நீலக் கண்ணாடியின் வழியே

திரைக்கு ஆடை அமைப்பது தெருவுக்கும் மேடைக்கும் ஆடை அமைப்பதினின்று வேறானது. கறுப்பு வெள்ளைப் படத்தில் நிறம் என்பது சாம்பல் நிறத்தின் ஏற்ற இறக்கமே. நேரில் பகைத்து நிற்கும் இரு வண்ணங்கள் திரையில் ஒன்றாகக் கலந்து மறையலாம். தூய வெள்ளை கண்ணைப் பறித்து முகத்தை விழுங்கும். கறுப்பில் மடிப்பும் தையலும் காணாமற்போகும். நிறங்களின் ஆழத்தை முன்கூட்டியே அறிய ஒளிப்பதிவாளர்கள் நீல வில்லை ஒன்றின் வழியே காட்சியை நோக்குவது வழக்கம். எடித் அந்த வில்லையைத் தம் மூக்குக் கண்ணாடியிலேயே பொருத்திக்கொண்டார். உலகத்தாருக்குப் பழக்கமான அந்த வட்டவடிவக் கருங்கண்ணாடியின் பிறப்பு இதுதான். அலங்காரமாகத் தோன்றிய அது உண்மையில் ஒரு தொழிற்கருவி.

1920களின் இறுதியில் பேசும்படம் வந்தது. துணிக்கும் வாய் முளைத்தது. நடிகை அசையும்போதெல்லாம் சரசரக்கும் பட்டுவகைகளையும் மணிக்கோவைகளையும் ஒலிவாங்கி விடாமல் பிடித்துக்கொண்டது. ஆகவே ஓசையற்ற துணிகளைத் தேட வேண்டியதாயிற்று. ஊமைப்படத்தில் பேசமுடியாத நடிகையின் பொருட்டு ஆடை உரத்துப் பேசியது. இப்போது நடிகை பேசத் தொடங்கியதும் ஆடை குரலைத் தாழ்த்தக் கற்க வேண்டியிருந்தது. 1934 முதல் கடுமையாகச் செயற்பட்ட தணிக்கை நெறி கழுத்தின் இறக்கத்திற்கு எல்லை வகுத்தது. 1942இல் போர்க்காலத் துணிக் கட்டுப்பாட்டு ஆணை பாவாடையின் அகலத்தையும் நீளத்தையும் குறைத்தது. இத்தகைய தளைகளுக்கு உட்பட்டே அவர் தம் கலையை வளர்த்தார். தளையை மீறுவதைவிடத் தளைக்குள் ஓசை பிறப்பிப்பதே தேர்ச்சி என்பதை யாப்பு அறிந்தோர் எளிதில் உணர்வர்.

1933இல் மே வெஸ்ட் நடித்த 'ஷி டன் ஹிம் ராங்' படத்தின் ஆடைப்பொறுப்பு எடித்திடம் வந்தது. 1936இல் 'தி ஜங்கிள் பிரின்சஸ்' படத்திற்காக டோரதி லாமருக்கு அவர் அமைத்த சாரோங் என்னும் தீவுப்பெண் உடை அந்நடிகையின் அடையாளமாகவே ஆகிவிட்டது. 1938இல் பேண்டன் விலகியபோது, துறையின் தலைமை எடித்துக்குக் கிடைத்தது. பெரிய திரைப்பட நிறுவனங்களில் இத்தகைய துறைக்கு ஒரு பெண் தலைமை ஏற்பது அந்நாளில் அரிது.

பாத்திரத்தைப் படித்தல்

எடித்தின் வேலை துணிக்கடையில் தொடங்கவில்லை. திரைக்கதைச் சுவடியில் தொடங்கியது. மொழி பயின்ற அவர் அதனை ஒரு நூலைப் படிப்பதுபோல் படித்தார். காட்சி காட்சியாகப் பிரித்து, இந்தப் பெண் யார், எந்த வருவாய் உடையவள், இக்காட்சிக்கு எங்கிருந்து வருகிறாள், என்ன எண்ணத்தோடு உடுத்தினாள் என்று குறித்துக்கொண்டார். பின்னர் இயக்குநரின் நோக்கத்தையும் ஒளிப்பதிவாளரின் ஒளியையும் கலை இயக்குநர் அமைக்கும் சுவரின் நிறத்தையும் கேட்டறிந்தார். ஓவியம் அதற்குப் பின்னரே. உடையை அணிவித்துப் பார்க்கும்போது நடிகையை நிற்கவைத்து மட்டும் பார்க்கமாட்டார். உட்கார, நடக்க, குனிய, கை தூக்கச் சொல்லிப் பார்ப்பார். கண்ணாடிமுன் நிற்கும் நடிகை தன்னை மட்டுமே காணவேண்டும் என்பதற்காகத் தாம் எப்போதும் சாம்பல், பழுப்பு, கறுப்பு, வெள்ளை ஆகிய நிறங்களில் எளிய உடையையே அணிந்தார். நெற்றியில் வெட்டிவிட்ட முடியும் பின்கொண்டையும் கருங்கண்ணாடியுமாக, ஆண்டுகள் செல்லச் செல்ல மாறாத ஓர் உருவமாகவே அவர் இருந்தார்.

நடிகையின் உடலையும் அவர் ஒரு பாடமாகவே படித்தார். பார்பரா ஸ்டான்விக் நல்ல நடிகை. ஆனால் அழகு உடைகளுக்கு ஏற்றவர் அல்லர் என்பது அந்நாளைய கருத்து. இடை நீண்ட உடல்வாகு அதற்குக் காரணமாகச் சொல்லப்பட்டது. 1941இல் 'தி லேடி ஈவ்' படத்தில் இடைப்பட்டையை முன்புறம் அகலமாகவும் பின்புறம் குறுகலாகவும் அமைத்து எடித் அந்த எண்ணத்தையே மாற்றினார். குறை என்று கருதப்பட்டதை மூடவில்லை. கண் செல்லும் வழியைத் திருப்பினார். அதன்பின் ஸ்டான்விக் தம் படங்களுக்கு எடித்தையே நாடினார்.

1949இல் வில்லியம் வைலர் இயக்கிய 'தி ஹெய்ரஸ்' அவருக்கு முதல் ஆஸ்கார் விருதைத் தேடித் தந்தது. ஆடவர் உடைகளை அமைத்த கைல் ஸ்டீலுடன் அவ்விருதைப் பகிர்ந்துகொண்டார். ஒலிவியா டி ஹாவிலண்ட் ஏற்ற கேத்தரின் என்னும் பாத்திரம் பெருஞ்செல்வரின் மகள். ஆனால் தந்தையின் ஏளனத்தில் வளர்ந்து கூசிப்போனவள். அவளுக்கு ஏழ்மையான உடை பொருந்தாது; அழகான உடையும் பொருந்தாது. எடித் விலையுயர்ந்த உடைகளையே கொடுத்தார். ஆனால் அவை அவள்மேல் சரியாக அமராதபடி அளவில் சிறு பிசகு வைத்தார். பார்ப்பவர்க்குக் காரணம் தெரியாது. ஏதோ ஒட்டவில்லை என்பது மட்டும் தெரியும். காதலனின் வஞ்சகத்தை உணர்ந்து அவள் உள்ளம் இறுகிய பிறகு, உடையும் பிழையின்றிப் பொருந்தி நிற்கிறது. அதே படத்தில் அவள் விருந்துக்கு அணியும் உடை செம்மை நிறம் என்பதும், அந்நிறத்தை அவள் தாய் அணிந்தாள் என்பதும் உரையாடலால் மட்டுமே தெரியவரும்; படமோ கறுப்பு வெள்ளை. தாயுடன் ஒப்பிட்டுத் தந்தை அவளைத் தாழ்த்தும் அந்தக் கணத்தில், கண் காணாத அந்தச் செம்மை மனத்தில் தைக்கிறது.

புதுமையைத் துரத்தக்கூடாது என்ற பாடத்தையும் காலம் அவருக்குக் கற்பித்தது. 1947இல் பாரிஸ் நகரில் கிறிஸ்டியன் டியோர் நீண்டு அகன்ற பாவாடைகளை அறிமுகம் செய்தார். ஒரே பருவத்தில் உலகின் வழக்கு மாறியது. முன்பே எடுக்கப்பட்டுத் திரைக்குக் காத்திருந்த படங்களின் குட்டைப் பாவாடைகள் வெளிவருவதற்குள் பழையனவாகிவிட்டன. அதன்பின் எடித் எந்தப் பருவத்து வழக்கின் உச்சத்தையும் தொடாமல் நடுவழியே நடந்தார். இன்றும் அவருடைய ஆடைகள் பல காலத்தால் அயலாகித் தோன்றாமைக்கு இந்த அடக்கமே காரணம்.

நழுவிய தோளும் சாம்பல் உடையும்

1950ஆம் ஆண்டு அவருக்கு இரண்டு பெரும் பாத்திரங்களைத் தந்தது. பில்லி வைல்டரின் 'சன்செட் பூலவார்டு' படத்தில் குளோரியா ஸ்வான்சன், ஊமைப்படப் புகழின் நினைவிலேயே வாழும் முதிய நடிகையாகத் தோன்றினார். எடித் 1924இல் வேலைக்குச் சேர்ந்தபோது அந்நிறுவனத்தின் முடிசூடா அரசியாக விளங்கியவர் ஸ்வான்சனே. ஆகவே மறைந்துபோன அந்தப் பகட்டை எடித் நூலில் படித்தறிய வேண்டியிருக்கவில்லை. பழங்காலத்தின் மிகையையும் நிகழ்காலத்தின் தைப்பையும் கலந்து, இரண்டிலும் முழுமையாக வாழாத ஒரு பெண்ணுக்குரிய உடைகளை அமைத்தார்.

மற்றொன்று 'ஆல் அபவுட் ஈவ்'. பெட்டி டேவிஸ் விருந்துக் காட்சியில் அணியவேண்டிய பழுப்புப் பட்டு உடை, படப்பிடிப்பு நாளன்று கழுத்தளவில் பெரிதாக வந்து நின்றது. தையற்கூடத்தில் நேர்ந்த பிழை. பொறுப்பு தம்முடையது என்று கலங்கி, இயக்குநரிடம் சொல்ல எடித் புறப்பட்டார். டேவிஸ் அந்த உடையைத் தோள்களிலிருந்து கீழே நழுவவிட்டு, இதுவே நன்றாக இருக்கிறது என்று முடிவு செய்துவிட்டார். வயது ஏறுவதை அஞ்சும், ஆயினும் அஞ்சாததுபோல் நடிக்கும் அந்தப் பாத்திரத்திற்கு, சரிந்த அந்தக் கழுத்து எழுதிவைத்தாற்போல் பொருந்தியது. அப்படத்திற்கும், வண்ணப்படமான 'சாம்சன் அண்ட் டெலைலா'வுக்கும் 1951இல் ஒரே இரவில் இரண்டு ஆஸ்கார் விருதுகள் கிடைத்தன. இரண்டுமே பிற வடிவமைப்பாளர்களுடன் பகிர்ந்துகொண்ட விருதுகள். அடுத்த ஆண்டு விருது பெற்ற 'எ பிளேஸ் இன் தி சன்' படத்தில் எலிசபெத் டெய்லர் அணிந்த வெள்ளை நடன உடையின் படிகள் அமெரிக்காவின் கடைகளெங்கும் விற்பனையாயின.

ஆல்ஃபிரட் ஹிட்ச்காக்குடன் 1946இல் 'நட்டோரியஸ்' படத்தில் தொடங்கிய உறவு, 1976இல் வெளிவந்த 'ஃபேமிலி பிளாட்' வரை 11 படங்களுக்கு நீண்டது. திரைக்கதையிலேயே உடையின் நிறத்தையும் காரணத்தையும் குறித்துத் தரும் இயக்குநர் அவர். அத்தகையவரிடம் எடித் மகிழ்ந்து பணியாற்றினார். 'ரியர் விண்டோ' படத்தில் கிரேஸ் கெல்லி ஏற்ற நாகரிகப் பெண், காட்சிக்குக் காட்சி மாறும் பட்டாடைகளில் வந்து, கால் முறிந்து நாற்காலியில் இருக்கும் காதலனின் அறையை நிறைக்கிறாள். அவனுடைய கரடுமுரடான வாழ்க்கைக்கு அவள் பொருந்துவாளா என்பதே அவர்களிடையே உள்ள வழக்கு. இறுதிக் காட்சியில் அவள் காற்சட்டையும் எளிய மேற்சட்டையும் அணிந்து இமயப் பயணநூல் ஒன்றைப் புரட்டுகிறாள். அவன் உறங்கியதும் அதை வைத்துவிட்டு நாகரிக இதழை எடுக்கிறாள். உடை இசைந்துவிட்டது, உள்ளம் இன்னும் தன்னுடையதாகவே இருக்கிறது.

1958இல் வெளிவந்த 'வெர்டிகோ'வில் உடையே கதையாயிற்று. நாயகிக்குச் சாம்பல் நிற உடை என்று ஹிட்ச்காக் விதித்தார். கிம் நோவாக்குக்கு அந்த நிறமும் பிடிக்கவில்லை. அதனுடன் அணியவேண்டிய கருங்காலணியும் பிடிக்கவில்லை. எடித் இயக்குநரிடம் எடுத்துச் சொன்னார், இயக்குநர் அசையவில்லை. பொன்னிற முடியுள்ள பெண்ணுக்கு இயல்பாக எவரும் தேராத அந்தச் சாம்பல், சான்பிரான்சிஸ்கோ நகரத்து மூடுபனியிலிருந்து பிரிந்து வந்தவள்போல் அவளைக் காட்டியது. உடலை இறுக்கிய அந்த உடையின் அசௌகரியமே பாத்திரத்தின் அசௌகரியமாக மாறித் தமக்கு உதவியதை நோவாக் பின்னர் ஒப்புக்கொண்டார். படத்தின் பிற்பகுதியில், இறந்தவள் என்று நம்பியவளின் உருவத்தை வேறொரு பெண்மேல் ஏற்ற முயலும் நாயகன், கடையில் அதே சாம்பல் உடையைத் தேடுகிறான். ஆடையால் ஒருவரை ஆக்கவும் முடியும், அழிக்கவும் முடியும் என்னும் உண்மையை இத்தனை கொடிதாகக் கூறிய படம் வேறில்லை. அவ்வுடையை அமைத்தவரின் தொழிலும் நாள்தோறும் அதே ஆக்கும் தொழில்தான்.

பெயர் என்னும் ஆடை

எடித்தின் வாழ்வில் விடைபெறாத வழக்கு ஒன்று 'சப்ரினா' படத்தில் எழுந்தது. கார் ஓட்டுநரின் மகள் பாரிஸ் சென்று நாகரிக நங்கையாகத் திரும்புவது கதை. பாரிஸிலிருந்து திரும்பும் பெண்ணுக்குப் பாரிஸின் உடையே வேண்டும் என்று இயக்குநர் வைல்டர் கருதினார். 1953இல் ஆட்ரி ஹெப்பர்ன் அந்நகருக்குச் சென்று, அப்போது 26 வயதே ஆகியிருந்த ஹூபர்ட் டி ஜிவான்ஷியின் கூடத்தில் தமக்கான உடைகளைத் தேர்ந்தார். அதற்கு முந்தைய காட்சிகளின் எளிய உடைகளே எடித்தின் பங்குக்கு எஞ்சின. 'ரோமன் ஹாலிடே' படத்தில் ஹெப்பர்னின் தோற்றத்தை வகுத்த எடித்துக்கு இது பெரும் ஏமாற்றம்.

படம் வெளிவந்தபோது திரையில் எடித்தின் பெயர் மட்டுமே இருந்தது. 1955இல் அப்படத்திற்கு ஆடை வடிவமைப்பு விருது கிடைத்தபோது அதை அவரே பெற்றுக்கொண்டார். ஜிவான்ஷியின் பெயரை அவர் சொல்லவில்லை. கழுத்து படகுபோல் அகன்ற புகழ்பெற்ற கறுப்பு உடை யாருடைய ஆக்கம் என்னும் வழக்கு பின்னும் நெடுநாள் நீடித்தது. ஹெப்பர்ன் இக்குறையை மறக்கவில்லை. 1957இல் வந்த 'ஃபன்னி ஃபேஸ்' படத்தில் இருவர் பெயரும் இடம்பெற்றன. விருதுக்கும் இருவரும் சேர்ந்தே முன்மொழியப்பட்டனர்.

துறைத் தலைவரின் பெயரே படத்தில் வரும் என்பது அந்நாளைய நிறுவன வழக்கம். எடித்தின் பெயரில் உள்ள 400க்கும் மேற்பட்ட படங்களுள் உதவியாளரின் கையும் தையற்காரப் பெண்களின் கண்ணொளியும் கலந்திருப்பதில் ஐயமில்லை. வழக்கம் என்று சொல்லி இதனை விளக்கிவிடலாம், நியாயப்படுத்திவிட முடியாது. இரவல் ஓவியக் கட்டுடன் உள்ளே வந்தபோது அவரிடம் பெயரும் இல்லை, தொழிலும் தெரியாது. முப்பது ஆண்டுகள் கழித்து இரண்டும் நிறைந்திருந்த வேளையில், இன்னொருவரின் பெயரைச் சொல்வதால் அவருக்குக் குறைவது ஒன்றுமில்லை. தம் உடலின்மேல் ஒரு வண்ணம்கூட ஏறாமல் காத்துக்கொண்ட அவர், பெயர் என்னும் ஆடையை மட்டும் பகிர்ந்துகொள்ள அஞ்சினார். பெண் ஒருவர் ஆடவர் நடத்திய ஆலையில் நாற்பது ஆண்டுகள் நிலைத்திருக்க அந்தப் பெயரே அவருக்குக் கேடயமாக இருந்தது என்பதையும் நினைத்துப் பார்க்கவேண்டும். அச்சத்தின் காரணம் விளங்குகிறது. ஆயினும் பிழை பிழையே.

கடைசித் தையல்

1940இல் எடித், கலை இயக்குநர் வியார்டு ஐனனை மணந்தார். அவரும் இருமுறை ஆஸ்கார் பெற்றவர். 1979இல் ஐனன் மறையும்வரை அந்த இல்லறம் நிலைத்தது. 1959இல் வெளியான 'தி டிரஸ் டாக்டர்' என்னும் நூலாலும், வானொலி, தொலைக்காட்சி நிகழ்ச்சிகளாலும் சாதாரணப் பெண்களுக்கும் உடுத்தும் முறைபற்றி அறிவுரை கூறினார். 1967இல், புதிய உடைமையாளர் கைக்கு மாறியிருந்த பாரமவுண்ட் அவருடைய ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை. 43 ஆண்டுகள் உழைத்த கூடத்தைவிட்டு, எழுபதை நெருங்கிய வயதில், யூனிவர்சல் நிறுவனத்திற்குச் சென்றார்.

ஓய்வாக இருக்கும் என்று பிறர் கருதிய அந்தப் பருவத்தில்தான், பால் நியூமனும் ராபர்ட் ரெட்ஃபோர்டும் நடித்த 'தி ஸ்டிங்' படத்திற்காக 1974இல் எட்டாவது விருது கிடைத்தது. கதை 1930களில் நிகழ்வது. நடிகையரின் உடைகளுக்கே புகழ்பெற்றவருக்கு, ஆடவரின் தொப்பியும் கோடிட்ட மேற்சட்டையும் இறுதி விருதைத் தேடித் தந்தன. அந்தப் பத்தாண்டுகளை அவர் வாழ்ந்தே கடந்திருந்தார்.

1981இல் அவர் பணியாற்றிய கடைசிப் படம் 'டெட் மென் டோண்ட் வேர் பிளெய்ட்'. 1940களின் பழைய கறுப்பு வெள்ளைப் படங்களிலிருந்து காட்சிகளை வெட்டியெடுத்து, புதிதாகப் படம்பிடித்த காட்சிகளுடன் இணைத்து, பழைய நடிகர்களும் புதிய நடிகர்களும் ஒரே அறையில் பேசிக்கொள்வதுபோல் காட்டும் வேடிக்கைப் படம் அது. இணைப்பு தெரியாமலிருக்க உடைகள் பழையவற்றோடு முற்றிலும் ஒத்திருக்க வேண்டும். பயன்பட்ட பழைய படங்களுள் 'டபுள் இண்டெம்னிட்டி'யும் 'நட்டோரியஸ்'உம் இருந்தன. அவற்றிற்கு நாற்பதுகளில் ஆடை அமைத்தவரும் எடித்தே. நாற்பது ஆண்டுகளுக்கு முன் தாம் இட்ட தையலோடு, கண்ணுக்குத் தெரியாதபடி, புதிய தையலை அவர் சேர்த்தார்.

1981 அக்டோபர் 24ஆம் நாள், 84ஆவது பிறந்தநாளுக்கு நான்கு நாட்கள் இருக்கையில், எடித் ஹெட் காலமானார். மறு ஆண்டு வெளிவந்த அந்தப் படம் அவருக்கே காணிக்கையாக்கப்பட்டது. 2003இல் அமெரிக்க அஞ்சல் துறை, திரைக்குப் பின்னிருந்து உழைக்கும் கலைகளைப் போற்றி வெளியிட்ட தலைகளுள் ஆடை வடிவமைப்புக்கு அவர் உருவத்தைத் தேர்ந்தது.

ஆடை கண்ணில் பட்டுப் பாத்திரம் கண்ணில் படாமற்போனால் அது தோல்வி என்பதே அவர் கடைப்பிடித்த இலக்கணம். அணி தனித்துத் தெரியும் செய்யுளில் பொருள் பின்தங்கிவிடும் என்று அறிந்தவர்க்கு இவ்விலக்கணம் புதிதன்று. அதனைத் துணியில் அவர் முழுமையாகக் காத்தார். வாழ்வில் ஓரிடத்தில் தவறினார். இரண்டையும் அறிந்தபின் 'ரோமன் ஹாலிடே'யை மீண்டும் பார்த்தாலும், மடித்துவிட்ட அந்தச் சட்டைக் கையில் தெரிவது எடித் ஹெட் அல்லர். ஒரு பகல் விடுதலை பெற்ற இளவரசியே. அவர் அமைக்க விரும்பியதும் அதுவே.